மிளகு நாடும் மேய்ச்சல் நிலமும்: குலாஷ் குழம்பின் கதை

எறணாகுளத்தில் ‘பிராட்வே’ என்றொரு கடைத்தெரு உண்டு. அகன்ற வீதி என்பது அப்பெயரின் பொருள். பெயரிட்டவர் யாராயினும் நகைச்சுவை மிக்கவராகவே இருந்திருத்தல் வேண்டும். மாலை வேளையில் எதிரெதிரே வரும் இருவர் தோள் உரசாமல் அங்கே கடந்து செல்வது அரிது. துணிக்கடையும் காகிதக்கடையும் பாத்திரக்கடையும் நெருங்கி நிற்கும் அத்தெருவில், பலசரக்குக் கடை வரும் இடத்தைக் கண்ணை மூடிக்கொண்டே சொல்லிவிடலாம். மிளகும் ஏலமும் உலர்ந்த மிளகாயும் சேர்ந்த மணம் நம்மை வழிமறித்து நிற்கும். அருகிலேயே காயலை ஒட்டிச் செல்வது சண்முகம் சாலை. கோவையிலிருந்து வந்து 1935 முதல் 1941 வரை கொச்சி சமஸ்தானத்தின் திவானாக விளங்கி, 1947இல் சுதந்திர இந்தியாவின் முதல் நிதியமைச்சரான ஆர். கே. சண்முகம் செட்டியாரின் பெயரைத் தாங்கிய சாலை அது. பிழைப்பின் பொருட்டு ஊர் விட்டு ஊர் வந்த நம்மவர்க்கு அப்பெயர்ப் பலகை ஒரு சிறு ஆறுதல்.

மாதக் கடைசியில் நாம் பிராட்வேக்குச் செல்வது பெரும்பாலும் வெங்காயமும் உருளைக்கிழங்கும் வாங்குவதற்கே. கையிருப்புச் சுருங்கும்பொழுது வெங்காயமும் கிழங்கும்தான் மாதச் சம்பளக்காரனின் நண்பர்கள். அவ்விரண்டோடு சிறிது இறைச்சியும் நிறைய மிளகாய்த் தூளும் சேர்த்து ஒரு பெருங்குடும்பத்தின் பசியை ஆற்றும் குழம்பு ஒன்றைப் பற்றியே இங்குக் கூறப் புகுகிறோம். ஹங்கேரி நாட்டுக் குழம்பு அது, பெயர் குலாஷ். ஐரோப்பாவின் நடுவில், கடலே இல்லாத நாட்டில் பிறந்த ஒரு குழம்புக்கும் கொச்சிக்கும் என்ன உறவு என்று அன்பர்கள் கேட்கலாம். நாமும் முதலில் அவ்வாறே எண்ணினோம்.

மொழிபெயர்ப்பைத் தொழிலாகக் கொண்டவர்க்குச் சில சொற்கள் முள்ளாகக் குத்தி நிற்பதுண்டு. ஒருமுறை நம் கைக்கு வந்த பக்கத்தில் ‘குலாஷ்’ என்னும் சொல் குறுக்கிட்டது. அகராதி ‘ஹங்கேரிய இறைச்சிக் குழம்பு’ என்று கூறி வாயை மூடிக்கொண்டது. அதை எழுதிவிட்டு மேலே சென்றுவிட்டோம், மனம் செல்லவில்லை. பிறகு தேடிப் பார்த்தபோது, ஹங்கேரிய மொழியில் ‘குயா’ என்றால் மாட்டு மந்தை, ‘குயாஷ்’ என்றால் மந்தை மேய்ப்பவன் என்று தெரிந்தது. அவன் சமைத்து உண்டது ‘குயாஷ் இறைச்சி’. நாளடைவில் ‘இறைச்சி’ என்னும் பின்சொல் தேய்ந்து, ஆளின் பெயரே குழம்புக்கு நின்றுவிட்டது. ஜெர்மானியர் வாயில் அது ‘குலாஷ்’ ஆகி உலகெங்கும் சென்றது. ஆகவே நேர் தமிழில் அதனை ‘ஆயன் குழம்பு’ என்று சொல்லிவிடலாம். அகராதியின் மூன்று சொற்களைவிட அந்த இரண்டு சொற்கள் நமக்கு நெருக்கமாய்ப்பட்டன.

ஹங்கேரியின் கிழக்கே ஒரு பெருஞ்சமவெளி பரந்து கிடக்கிறது. கண்ணுக்கெட்டிய தூரம் புல்வெளி. நீண்ட கொம்புகளை உடைய சாம்பல் நிற மாடுகளை அங்கே மேய்த்தனர். நெடுந்தொலைவிலுள்ள சந்தைகளுக்கு அவற்றைக் கால்நடையாகவே ஓட்டிச் சென்றனர். திங்கட்கணக்கில் வெட்டவெளியில் வாழும் மேய்ப்பனுக்கு அடுப்பங்கரை ஏது? மூன்று கழிகளை நட்டு, நடுவே ஓர் இரும்புக் கொப்பரையைத் தொங்கவிட்டு, கீழே தீ மூட்டினான். கொழுப்பில் வெங்காயத்தை வதக்கி, இறைச்சியை இட்டு, நீர் வார்த்துவிட்டு மந்தையைப் பார்க்கப் போய்விட்டான். மூட்டை கட்டிக்கொண்டு போகக்கூடியவை வெங்காயம், உப்பு, பன்றிக் கொழுப்பு ஆகியவையே. ஆதலால் அவையே குழம்பின் உயிராயின. வறுமையும் தனிமையும் வகுத்த சமையல் அது. அதில் அந்நாளில் மிளகாய் இல்லை. மிளகுகூட எப்போதாவதுதான். ஏன் என்பதை அறிய நாம் நம் கரைக்குத் திரும்பவேண்டும்.

எறணாகுளத்துப் படகுத்துறையில் ஏறி, வில்லிங்டன் தீவைச் சுற்றிக்கொண்டு நீரைக் கடந்தால் மட்டாஞ்சேரி. பிராட்வேக்குத் தாய்வீடு என்று அதனைச் சொல்லலாம். இன்றைய கொச்சி மாநகரின் பழைய வாணிகமெல்லாம் அங்கேதான் நடந்தது. இரு புறமும் பண்டகசாலைகள். சேர நாட்டு மிளகுக்காகப் பொன்னோடு வந்து மிளகோடு மீண்ட யவனர் கலங்களை அகநானூறு பேசுகிறது. அவர்கள் வந்த முசிறித் துறை பெரியாற்றின் முகத்தில் இருந்தது. 1341இல் ஏற்பட்ட பெருவெள்ளத்தில் ஆற்றின் போக்கு மாறிக் கொச்சியின் முகத்துவாரம் விரிந்தது என்பர். அதன்பின் வாணிகம் மெல்ல மெல்லத் தெற்கே நகர்ந்து இங்கு வந்து சேர்ந்தது. மிளகுக்குப் பழந்தமிழில் ‘கறி’ என்றே பெயர் என்பதை இங்கு நினைவுகூர வேண்டும். இன்று அச்சொல் மிளகை விட்டுவிட்டு, காய்க்கும் இறைச்சிக்கும் பெயராகி, உலகமே அறிந்த சொல்லாய்விட்டது. சொற்களும் மனிதரைப் போலவே குடிபெயர்கின்றன.

மிளகு மேற்குமலையின் ஈரச் சரிவுகளில் விளையும். நிழலும் மழையும் படர்வதற்கு மரமும் வேண்டும். கொடி காய்ப்பதற்கு மூன்று நான்கு ஆண்டுகள் பொறுக்க வேண்டும். இங்கிருந்து அராபியர் கைக்கும், அவரிடமிருந்து எகிப்துக்கும், அங்கிருந்து வெனிஸ் நகர வணிகர்க்கும் கைமாறி, ஒவ்வொரு கையிலும் விலை ஏறி, ஐரோப்பாவின் உள்நாடுகளை அடைவதற்குள் அது செல்வர் வீட்டுப் பண்டமாகிவிடும். சமவெளியில் மாடு மேய்த்தவன் எங்கே மிளகு வாங்குவான்?

அந்த விலையை முறிக்கும் ஆசையே போர்த்துக்கீசியரையும் ஸ்பானியரையும் கடலில் இறக்கியது. 1492இல் கொலம்பஸ் மேற்கே சென்று, இந்தியா என்று எண்ணி வேறொரு கண்டத்தில் இறங்கினார். அங்கே மிளகு இல்லை. ஆனால் அதனினும் காரமான ஒரு சிவந்த காயை அம்மக்கள் உண்ணக் கண்டார். மிளகைத் தேடி வந்தவர் கண்ணுக்கு அதுவும் மிளகின் இனமாகவே தோன்றியது. அந்தத் தவறான பெயர் இன்றளவும் ஐரோப்பிய மொழிகளில் நீங்கவில்லை. அவர்களைக் குறை கூற நமக்கு வாயில்லை. நாமும் அதையேதான் செய்தோம். மிளகைப் போல் உறைக்கும் காயை ‘மிளகாய்’ என்றழைத்தோம். உலகின் இரு கோடியிலும் இருந்த மக்கள் ஒருவரையொருவர் கேளாமலே ஒரே முறையில் பெயரிட்டது மொழி வரலாற்றில் ஒரு சுவையான செய்தி.

1498இல் வாஸ்கோ ட காமா கோழிக்கோட்டுக்கு அருகே வந்திறங்கினார். இரண்டு ஆண்டுகள் கழித்துக் கப்ரால் என்பவர் தலைமையில் வந்த கப்பற்படை, 1500 ஏப்ரலில் பிரேசில் கரையைத் தொட்டு, அவ்வாண்டு முடிவதற்குள் கொச்சித் துறைக்கும் வந்துவிட்டது. மிளகாயின் தாயகத்தையும் மிளகின் தாயகத்தையும் ஒரே பயணத்தில் இணைத்த முதற் கப்பல்கள் அவை. 1503இல் போர்த்துக்கீசியர் கொச்சியில் கோட்டை எழுப்பினர். 1524இல் காமா இறந்ததும் இக்கொச்சியிலேதான். அந்நூற்றாண்டில் அவர்களுடைய கலங்களில் மிளகாய் விதை நம் கரைக்கு வந்தது. மிளகை ஏற்றிச் செல்ல வந்தவர்கள், மிளகுக்குப் போட்டியாக ஒன்றை இறக்கிவிட்டுச் சென்றனர் என்பதை அவர்களே உணர்ந்திருப்பார்களா என்பது ஐயமே.

போட்டி என்று சொன்னது மிகையன்று. மிளகாய்க்கு மலையும் வேண்டா, மரமும் வேண்டா. கொல்லைப்புறத்தில் ஒரு பிடி மண் போதும். விதைத்த சில திங்களில் காய்க்கும். உலர்த்தி வைத்தால் ஆண்டு முழுதும் வரும். இராமநாதபுரத்து வறண்ட நிலத்திலும் குண்டு மிளகாய் விளைந்தது. மன்னரும் வணிகரும் காவல் காத்த காரம், குடிசைக்குள் புகுந்துவிட்டது. நம் முன்னோர் பல்லாயிரம் ஆண்டுகளாக மிளகாயிட்ட சாம்பார் உண்டு வந்தனர் என்று நம்மில் பலர் நம்பிக்கொண்டிருக்கிறோம். ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன் தமிழகத்தில் ஒரு மிளகாய்ச் செடிகூட இல்லை. அதற்கு முன்னைய நம் உணவின் காரம் மிளகும் இஞ்சியும் திப்பிலியுமே.

இனி ஒரு வேடிக்கை. 1542இல் ஜெர்மனியில் லியோன்ஹார்ட் ஃபுக்ஸ் என்னும் மருத்துவர் மூலிகைகளைப் பற்றி அழகிய படங்களோடு ஒரு பெருநூல் வெளியிட்டார். அதில் மிளகாய்ச் செடியின் படமும் உண்டு. அதற்கு அவர் தந்த பெயர் ‘கோழிக்கோட்டு மிளகு’. அமெரிக்காவிலிருந்து வந்த செடி, ஐரோப்பியர் கண்ணில் அரை நூற்றாண்டுக்குள்ளாகவே மலையாளக் கரையின் பிள்ளையாகிவிட்டது! காரமான பொருள் எதுவாயினும் அது இந்தக் கரையிலிருந்துதான் வந்திருக்கும் என்பது அவர்களுடைய எண்ணம்.

ஹங்கேரியர் அதனை வேறொரு வாயில் வழியாகப் பெற்றனர். 1526இல் மொகாச் போரில் ஹங்கேரி மன்னன் வீழ்ந்தான். 1541இல் புடா நகரம் துருக்கியர் வசமாயிற்று. 1686 வரை அவர்கள் ஆட்சி அங்கே நீடித்தது. துருக்கியப் பேரரசின் வழிகளிலே வந்த மிளகாயை ஹங்கேரியர் ‘துருக்கி மிளகு’ என்றனர். முதலில் செல்வர் தோட்டத்தில் அழகுச் செடியாக நின்றது. பிறகு உழவர் கைக்கும், பதினெட்டாம் நூற்றாண்டில் மேய்ப்பனின் கொப்பரைக்கும் வந்து சேர்ந்தது. ‘பாப்ரிகா’ என்னும் பெயர் அதற்கு நிலைத்தது. இப்பெயரைச் சிறிது பின்தொடர்வோம். அது மிளகைக் குறிக்கும் செர்பியச் சொல்லிலிருந்து வந்தது. அச்சொல் இலத்தீனத்தின் ‘பிப்பர்’ என்பதன் வழித்தோன்றல். அதற்கு மூலம் கிரேக்கத்தின் ‘பெப்பரி’. அதற்கும் மூலம் வடமொழிப் ‘பிப்பலி’, அதாவது நம் திப்பிலி. செடி அமெரிக்கச் செடி. பெயரோ இந்தியப் பெயர். நம் நாட்டுத் திப்பிலி கிரேக்கம், உரோமம், செர்பியா என்று நடந்து, ஹங்கேரிய மேய்ப்பனின் கொப்பரைக்குள் வேறொரு காயின் மீது போய் அமர்ந்துகொண்டது.

மேய்ப்பன் குழம்பு எவ்வாறு நாட்டின் குழம்பாயிற்று என்பது அரசியல் கதை. நமக்கு அதில் ஒரு தனிச்சுவை உண்டு. துருக்கியர் போனபின் ஹங்கேரி வியன்னாவிலிருந்த ஹாப்ஸ்பர்க் பேரரசரின் ஆட்சிக்குட்பட்டது. 1784இல் இரண்டாம் ஜோசப் பேரரசர், ஹங்கேரியின் ஆட்சிமொழி இனி ஜெர்மன் மொழியே என்று ஆணையிட்டார். மக்கள் கொதித்தெழுந்தனர். பெருநிலக்கிழார்களும் தாய்மொழியில் பேசத் தொடங்கினர், நாட்டுடை அணிந்தனர், அதுகாறும் மேய்ப்பர்க்கு மட்டுமே உரியதென்று முகம் சுளித்த குழம்பைத் தம் உணவு மேசைக்கு வரவழைத்தனர். 1790இல், இறப்பதற்குச் சற்று முன்னர், பேரரசர் தம் ஆணைகளிற் பெரும்பாலானவற்றைத் தாமே திரும்பப் பெற்றார். குழம்பு மேசையை விட்டு இறங்கவில்லை. மொழியைக் காக்கப் புறப்பட்டவர் கையில் ஒரு குழம்புச் சட்டியும் இருந்தது என்பது மொழிப்பற்றுடைய நம்மவர்க்குப் புரியாத செய்தியன்று.

ஆயினும் அந்நாளைய பாப்ரிகா நாவைச் சுட்டெரிக்கும் காரம் உடையது. மிகுதியாக இட்டால் உண்ண முடியாது. குறைத்து இட்டால் நிறம் வாராது. 1859இல் செகெத் நகரத்துப் பால்ஃபி சகோதரர்கள் இதற்கு ஒரு வழி கண்டனர். காரம் மிளகாயின் தோலில் இல்லை. உள்ளே விதைகளைத் தாங்கும் வெண்ணிற நரம்பில் இருக்கிறது. அந்நரம்பையும் விதையையும் நீக்கிவிட்டு எஞ்சிய தோலை அரைத்தால், நிறமும் மணமும் இனிப்பும் நிற்கும்; எரிச்சல் போய்விடும். அதன் பிறகே கைப்பிடி கைப்பிடியாகப் பாப்ரிகாவை அள்ளிப்போடும் வழக்கம் பரவியது. நம் பாட்டிமார் வற்றலைக் கிள்ளித் தட்டி விதையை உதிர்த்துவிட்டுக் குழம்புக்கு இட்டதும் இதே அறிவுதான்.

அச்செகெத் நகரிலேதான் ஆல்பர்ட் சென்ட்-ஜியார்ஜி என்னும் அறிஞர் வைட்டமின் ‘சி’யைத் தேடிக்கொண்டிருந்தார். ஓரிரவு மனைவி பாப்ரிகா மிளகாயை உணவாகப் பரிமாறினாராம். உண்ண மனமில்லை, வேண்டாம் என்று சொல்லவும் துணிவில்லை. ‘ஆய்வுக்கூடத்துக்கு எடுத்துப் போகிறேன்’ என்று சொல்லித் தப்பித்தார். அங்கே சோதித்துப் பார்த்தால் அக்காய் முழுதும் வைட்டமின் ‘சி’! இக்கதையைச் சொன்னவர் அவரேதான். 1937இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. பச்சையாக உண்ணும்போதுதான் அச்சத்து நிறைவாகக் கிடைக்கும். குழம்பில் இரண்டு மணி நேரம் கொதித்தபின் அதிகம் எதிர்பார்க்கலாகாது.

மீண்டும் மட்டாஞ்சேரிக்கு வருவோம். அங்கே யூதர் தெருவில் 1568இல் எழுந்த பரதேசி யூதர் தொழுகைக்கூடம் இருக்கிறது. கொலம்பஸ் கப்பலேறிய அதே 1492இல் ஸ்பெயினிலிருந்து யூதர் விரட்டப்பட்டனர். அவ்வாறு நாடிழந்தோரின் வழியினர் சிலர் கொச்சி மன்னரின் நிழலில் இங்குக் குடியேறினர். சனிக்கிழமை ஓய்வு நாளில் தீ மூட்டுதல் அவர்கள் சமயத்தில் விலக்கு. ஆகவே வெள்ளிக்கிழமை பொழுது சாய்வதற்குள் பானையை அடுப்பேற்றிவிட்டு, கனலின் சூட்டிலேயே இரவெல்லாம் வேகவிடுவர். மறுநாள் நண்பகலில் சூடாக உண்பர். உலகெங்கும் யூதர் இல்லங்களில் இவ்வழக்கம் உண்டு. கீழை நாட்டு யூதர் அதனை ‘ஹமீன்’ என்றனர். ஹங்கேரிய யூதர் பயறும் பார்லியும் இறைச்சியும் இட்டுச் செய்து ‘ஷோலெட்’ என்றனர். இறைச்சியோடு பாலைச் சேர்த்து உண்ணலாகாது என்பதும் அவர்கள் விதி. கொச்சியில் அதற்கு ஓர் எளிய விடை கிடைத்தது: தேங்காய்ப்பால். பசுவின் பால் அன்றாகையால் விதியும் கெடவில்லை, குழம்பும் கெட்டியாயிற்று. 1948இல் இஸ்ரேல் தோன்றிய பின் அவர்களிற் பெரும்பாலோர் அங்கே சென்றுவிட்டனர். இன்று அத்தெருவில் கடைகளே மிகுதி.

அதே மட்டாஞ்சேரியில் போர்த்துக்கீசியர் கட்டிக்கொடுத்து டச்சுக்காரர் செப்பனிட்ட அரண்மனை ஒன்று உண்டு. அதன் சுவர்களில் இராமாயண ஓவியங்கள் செறிந்து கிடக்கின்றன. 1937ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அவற்றைக் காண ஓர் இளம் பெண் வந்தார். கண்டு வியந்து நண்பர்க்குக் கடிதங்கள் எழுதினார். அவர் அம்ரிதா ஷேர்-கில். 1913இல் புடாபெஸ்ட் நகரில் பிறந்தவர். தாய் ஹங்கேரியர், தந்தை பஞ்சாபியர். அத்தென்னாட்டுப் பயணத்தின் விளைவாகவே ‘மணமகளின் ஒப்பனை’, ‘பிரம்மசாரிகள்’, ‘சந்தைக்குச் செல்லும் தென்னாட்டுக் கிராமத்தார்’ என்னும் பெயர்பெற்ற ஓவியங்கள் பிறந்தன. அவ்வோவியங்களின் செம்மண் சிவப்பைப் பார்க்கும்போதெல்லாம் நமக்கு ஏனோ பாப்ரிகாவின் நினைவு வருகிறது. இது நம் கற்பனையே, கலை விமரிசனமன்று.

டச்சுக்காரர் 1663இல் கொச்சியைக் கைப்பற்றினர். அவர்களுடைய பட்டாளத்தாரின் உடைகளை வெளுப்பதற்கென்று தமிழ்நாட்டிலிருந்து வண்ணார் குடும்பங்கள் வரவழைக்கப்பட்டன என்பது கோட்டைக் கொச்சியில் வழிவழியாக வரும் செய்தி. அவர்களுடைய வழித்தோன்றல்கள் இன்றும் அங்குத் தமிழ் பேசித் துணி வெளுக்கின்றனர். வெளி மாநிலத் தமிழர் என்று நம்மை நாமே ஏதோ புதுப்பிறவிகளாக எண்ணிக்கொள்ளும்போது, அவர்களை ஒருமுறை நினைத்துப் பார்ப்பது நன்று.

ஆங்கிலேயர் 1795இல் வந்தனர். அவர்கள் விட்டுச் சென்றவற்றுள் ஒன்று, ஆப்பத்தோடு இங்கே உண்ணப்படும் ‘இஷ்டூ’. அவர்களுடைய ‘ஸ்டூ’ என்னும் சொல்தான் மலையாள நாவில் அவ்வாறு திரிந்தது. உருளைக்கிழங்கும் வெங்காயமும் இறைச்சியும் மெல்ல வேகும். பட்டை, கிராம்பு, இஞ்சி, மிளகு, பச்சை மிளகாய், தேங்காய்ப்பால். மிளகாய்த் தூள் சேராது; வெள்ளை வெளேரென்று இருக்கும். இதனையும் குலாஷையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் வரலாறு புரட்டிப் போட்ட புதுமை விளங்கும். மிளகு விளையும் நாட்டின் குழம்பு ஆங்கிலப் பெயரோடு நிற்கிறது. மிளகே விளையாத நாட்டின் குழம்பு திப்பிலியின் பெயரைக் கொண்ட தூளால் சிவந்து நிற்கிறது. சுவையில் எது மேல் என்று கேட்டால், மழை நாளில் குலாஷ், மற்ற நாளில் இஷ்டூ என்பது நம் தீர்ப்பு.

இனிச் சமைக்கும் முறை. ஐந்து பேர் கொண்ட குடும்பத்துக்கு அரைக் கிலோ ஆட்டிறைச்சி போதும். தொடைச்சதையைக் கேட்டு வாங்கவேண்டா. கால் பகுதியும் கழுத்தும் விலை குறைவு, இக்குழம்புக்கு அவையே ஏற்றவை. உழைத்த தசையில் நார்த்தன்மை மிகுதி. மென்தீயில் நெடுநேரம் வேகும்போது அது கரைந்து பசையாகிக் குழம்புக்குக் கெட்டி தரும். விலை உயர்ந்த மென்சதையோ அத்தனை நேரத்தில் சக்கையாய்விடும். அரைக் கிலோ பெரிய வெங்காயம், அரைக் கிலோ உருளைக்கிழங்கு, இரண்டு தக்காளி, ஒரு குடமிளகாய், ஆறு பல் பூண்டு, அரைத் தேக்கரண்டி சீரகம், உப்பு, மூன்று மேசைக்கரண்டி எண்ணெய். ஹங்கேரியர் இடுவது சீரகத்துக்கு உறவான வேறு விதை. சீரகத்தைப் பாதியளவு இட்டால் குறை தெரியாது.

தூளே இதில் முக்கியம். பாப்ரிகா என்று அச்சிட்ட சிறு புட்டிக்காகப் பெரிய கடைகளைத் தேடவேண்டா. கர்நாடகத்து ஹாவேரி மாவட்டத்தில் விளையும் பியாடகி மிளகாய் காரம் குறைந்தது, நிறம் மிகுந்தது. சுருங்கிய தோலைக் கொண்டு அடையாளம் காணலாம். பெங்களூரிலும் பம்பாயிலும் உள்ள நம்மவர்க்கு அது எளிதில் கிட்டும். வடக்கே இருப்போர் காஷ்மீர மிளகாயைக் கொள்ளலாம். வற்றலைப் பிளந்து விதையும் நரம்பும் நீக்கி, வெயிலில் காயவைத்து அரைத்தால் பால்ஃபி சகோதரர்களின் பாப்ரிகாவுக்கு அண்மையில் வந்துவிடும். மூன்று மேசைக்கரண்டி வேண்டும். அளவைக் கண்டு அஞ்சவேண்டா.

வெங்காயத்தைப் பொடியாக நறுக்கி எண்ணெயில் மெல்ல வதக்கவேண்டும். பொன்னிறம் வரக் கால் மணி நேரமாவது ஆகும். அடுத்து வருவதுதான் இச்சமையலின் இரகசியம்: சட்டியை அடுப்பிலிருந்து இறக்கிய பிறகே தூளை இடவேண்டும். பாப்ரிகாவில் சர்க்கரைச் சத்து மிகுதி; கடுஞ்சூட்டில் நொடியில் கருகிக் கசந்துவிடும். முதன்முறை நாம் நம் ஊர் வழக்கப்படித் தீயின்மேலேயே தூளைக் கொட்டிக் கிளறினோம். அரைக் கிலோ இறைச்சியும் கசந்து போயிற்று. மாதக் கடைசியில் அது சிறு இழப்பன்று. இறக்கி வைத்து இட்டால், எண்ணெயின் மிதமான சூட்டிலேயே நிறம் கரைந்து இறங்கும். உடனே இறைச்சியையும் பூண்டையும் சீரகத்தையும் உப்பையும் இட்டுப் புரட்டி, ஒரு குவளை நீர் வார்த்து மீண்டும் அடுப்பேற்றலாம். மூடி, மென்தீயில் ஒன்றரை மணி நேரம். நீர் வற்ற வற்றச் சிறிது சிறிதாகச் சேர்த்து வரவேண்டும். அழுத்தச் சமையற்கலம் உள்ளவர்க்கு இருபத்தைந்து நிமிடம் போதும். விறகும் எரிவாயுவும் மிச்சம். பிறகு கிழங்கும் தக்காளியும் குடமிளகாயும் இட்டு, ஒன்றரை லிட்டர் நீர் சேர்த்து, கிழங்கு வேகும்வரை கொதிக்கவிட்டு இறக்கவேண்டும். மாவு கரைத்து ஊற்றுவது பிற நாட்டார் வழக்கம், ஹங்கேரியர் செய்யார். அவர்களுடைய குலாஷ் நம் சால்னாவைவிடவும் நீர்த்தது. பிற நாட்டார் குலாஷ் என்று வழங்கும் கெட்டிக் குழம்புக்கு அங்கே ‘பொர்கொல்ட்’ என்று வேறு பெயர்.

வயிறு நிறைவதற்கு அவர்கள் செய்யும் தந்திரம் ஒன்று உண்டு. ஒரு முட்டையை மாவோடும் உப்போடும் பிசைந்து, சுண்டுவிரல் நகமளவு கிள்ளிக் கிள்ளிக் கொதிக்கும் குழம்பில் இடுவர். அதன் பெயர் ‘சிபெட்கெ’. கிள்ளுதல் என்னும் வினையிலிருந்து பிறந்த பெயர். கிள்ளுமாவு என்று நாம் தமிழாக்கிக்கொண்டோம். வீட்டிலும் அப்பெயரே வழங்குகிறது. நூறு கிராம் மாவு ஐவரின் பசியில் ஒரு பங்கைத் தாங்கிவிடும்.

புலால் உண்ணாதார் ஏமாற வேண்டா. இறைச்சிக்குப் பதில் ராஜ்மாவையோ மொச்சையையோ முன்னிரவே ஊறவைத்து இதே முறையில் செய்யலாம். ஹங்கேரியிலும் பயற்றுக் குலாஷ் உண்டு. கிழங்கும் காய்கறியும் மட்டும் இட்டுச் செய்வதை அவர்கள் ‘பொய்க் குலாஷ்’ என்றே அழைப்பர். இறைச்சிக்கு வழியில்லாத நாளில் ஓர் ஏழைத் தாய் இட்ட பெயராகவே அது நம் காதில் ஒலிக்கிறது. முட்டையும் ஆகாதெனில் கிள்ளுமாவை வெந்நீரில் பிசைந்துகொள்ளலாம்.

நம் வீட்டில் இக்குழம்பை எதிர்த்தவர் அம்மா ஒருவரே. எழுபது வயதைக் கடந்தவர். அந்நிய நாட்டுச் சமையல் அடுக்களைக்குள் வரலாகாது என்பது அவர் உறுதி. அவருடைய மிளகாய் வற்றலும் உருளைக்கிழங்கும் தக்காளியும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்தவை என்று நாம் எடுத்துரைத்தோம். ‘வந்து எத்தனை நாளாச்சு?’ என்று கேட்டார். நானூறு ஐந்நூறு ஆண்டுகள் என்றோம். ‘அப்போ அது நம்ம வீட்டுப் பிள்ளைதான். இது நேத்து வந்தது’ என்றார். வரலாற்று வாதம் அத்தோடு தோற்றது. அன்றிரவு அவர் தயிர்ச்சோறு உண்டு படுத்துக்கொண்டார்.

எஞ்சிய குழம்பை மறுநாட் காலை சுடவைத்தோம். இரவெல்லாம் ஊறியதில் கிழங்கு கரைந்து, குழம்பு கெட்டிப்பட்டு, நிறம் ஆழ்ந்திருந்தது. தோசைக்குத் தொட்டுக்கொள்ள வீட்டில் வேறு ஒன்றும் இல்லை. அம்மா ஓரத்தில் சிறிது ஊற்றச் சொன்னார். இரண்டாவது தோசைக்கும் கேட்டார். ‘மிளகு கொஞ்சம் தட்டிப் போட்டிருக்கலாம்’ என்றார்.